பழைய கணினியில் ரெட்ரோ கேம்: விண்டோஸா, லினக்ஸா, பென்டிரைவா?

பழைய கணினி ஒன்றில் பழைய கன்சோல் கேம்களை ஓட்ட மூன்று வழிகள் உண்டு. இருக்கிற விண்டோஸிலேயே எமுலேட்டர்களை, அதாவது பழைய கன்சோல்போல நடித்துக் காட்டும் மென்பொருள்களை, போட்டுக்கொள்ளலாம். விண்டோஸை எடுத்துவிட்டு இலகுவான லினக்ஸ் ஏற்றி, பல எமுலேட்டர்களை ஒரே இடத்தில் ஓட்டும் ரெட்ரோஆர்ச் என்ற நிரலை அதில் வைக்கலாம். அல்லது பட்டோசெரா, லக்கா, ரீகல்பாக்ஸ் மாதிரி கேமுக்கென்றே செய்யப்பட்ட இயங்குதளம் ஒன்றைப் பென்டிரைவில் எழுதி, அதிலிருந்தே கணினியைத் தொடங்கலாம்.

மூன்றும் இலவசம்தான். மூன்றிலும் உள்ளே ஓடும் எமுலேட்டர்களும் பெரும்பாலும் ஒன்றேதான். ஆனாலும் ஒரே கணினியில் ஒரு வழியில் சீராக ஓடும் கேம் இன்னொரு வழியில் திணறுகிறது. பிராசஸர் அதேதான், ரேமும் அதேதான். மாறுவது கிராபிக்ஸ் சிப்புக்கான டிரைவர். எந்த இயங்குதளத்தில் உங்கள் சிப்புக்கு நல்ல டிரைவர் இன்னும் கிடைக்கிறது என்பதைப் பார்த்து முடிவெடுப்பவர்களுக்கு வேலை சுலபமாக முடிகிறது. "எந்த எமுலேட்டர் நல்லது" என்ற கேள்வியிலிருந்து தொடங்குபவர்கள் வெகுநேரம் அலைகிறார்கள்.

தேர்வுக்கு முன் கணினியைப் படியுங்கள்

எந்தக் கன்சோல் வரை வேண்டும் என்று முதலில் முடிவு செய்யுங்கள். என்இஎஸ் கன்சோலின் பிராசஸர் 1.79 மெகாஹெர்ட்ஸ், சூப்பர் நின்டெண்டோ அதிகபட்சம் 3.58, செகா மெகா டிரைவ் சுமார் 7.6, முதல் பிளேஸ்டேஷன் 33.9, நின்டெண்டோ 64 93.75, டிரீம்காஸ்ட் 200, பிளேஸ்டேஷன் 2 சுமார் 295. ஒவ்வொரு படி ஏறும்போதும் எமுலேட்டரின் சுமை இந்த எண்களைவிட வேகமாக ஏறும். காரணம், பிராசஸரோடு கிராபிக்ஸ் சிப், ஒலி சிப், அவை ஒன்றோடொன்று பேசும் நேரக் கணக்கு எல்லாவற்றையும் மென்பொருளே நடித்துக் காட்ட வேண்டும்.

நடைமுறையில் கோடு இப்படி விழுகிறது. 2008 வாக்கில் வந்த நெட்புக்குகளின் ஆட்டம் என்270 பிராசஸரில் என்இஎஸ், மெகா டிரைவ், கேம்பாய், கேம்பாய் அட்வான்ஸ் ஓடும். சூப்பர் நின்டெண்டோவுக்கு இலகுவான எமுலேட்டர் கோர் (ரெட்ரோஆர்ச்சுக்குள் ஏற்றும் எமுலேட்டர்) வேண்டும். கோர் 2 டுவோ கணினியில் முதல் பிளேஸ்டேஷன் வரை நிம்மதி, நின்டெண்டோ 64 கேமைப் பொறுத்தது. 2011க்குப் பின் வந்த கோர் ஐ3, ஐ5 இருந்தால் டிரீம்காஸ்டும் பிஎஸ்பியும் வரும். பிளேஸ்டேஷன் 2, கேம்கியூப் இரண்டும் இந்தக் கட்டுரையின் கணினிகளுக்கு ஏற்றவை அல்ல. சில கேம்கள் ஓடும். அவற்றை நம்பித் திட்டம் போடாதீர்கள்.

அடுத்து பிராசஸர். விண்டோஸில் சிபியு-இசட், லினக்ஸில் எல்எஸ்சிபியு கட்டளை ஆகியவை இரண்டு தகவல்களைத் தரும். ஒன்று, அது 64 பிட்டா என்பது. ஆட்டம் என்270 போன்றவை 32 பிட் மட்டும்தான். அவற்றில் இன்றைய பட்டோசெரா தொடங்கவே தொடங்காது. இரண்டாவது, எஸ்எஸ்இ 4.1 கட்டளைத் தொகுப்பு இருக்கிறதா என்பது. இதைப் பலரும் பார்ப்பதில்லை. டக்ஸ்டேஷன் (முதல் பிளேஸ்டேஷன் எமுலேட்டர்), பிசிஎஸ்எக்ஸ்2 (பிளேஸ்டேஷன் 2 எமுலேட்டர்) ஆகியவற்றின் புதிய பதிப்புகள் இது இல்லாமல் ஓடாது. கோர் 2 டுவோவிலேயே 65 நானோமீட்டரில் வந்த இ6600 வகையில் அது இல்லை. 45 நானோமீட்டரில் வந்த இ8400 வகையில் உண்டு. ஏஎம்டியின் பினோம் 2, அத்லான் 2 இரண்டிலும் இல்லை. எமுலேட்டரைச் சொடுக்கியதும் ஒன்றுமே நடக்காமல் மூடிக்கொள்வதற்கு அடிக்கடி இதுதான் காரணம். ஆட்கள் பயாஸ் கோப்பை (கன்சோலுக்குள் இருக்கும் தொடக்க மென்பொருளின் நகலை) சந்தேகித்துக்கொண்டிருப்பார்கள்.

பிராசஸருக்குள் இருக்கும் கோர்களின் எண்ணிக்கை அவ்வளவு முக்கியமில்லை. பழைய கன்சோல் எமுலேட்டர்களில் பெரும்பாலானவை ஒரு கோரைத்தான் முழுசாகப் பிழிந்தெடுக்கும். 3 கிகாஹெர்ட்ஸ் இரட்டைக் கோர், அதே தலைமுறையின் 2.4 கிகாஹெர்ட்ஸ் நான்கு கோரைவிட இங்கே மேல்.

மூன்றாவதும் முக்கியமானதும் கிராபிக்ஸ். இன்டெல் எச்டி 3000 சிப்பை எடுத்துக்கொள்ளுங்கள். 2011ல் வந்த சாண்டி பிரிட்ஜ் பிராசஸர்களோடு சேர்ந்தே வந்தது. எமுலேட்டர்கள் படம் வரையப் பயன்படுத்தும் ஓப்பன்ஜிஎல் என்ற முறையில், விண்டோஸில் இன்டெல் கொடுத்த டிரைவர் 3.1 பதிப்பு வரை மட்டுமே தரும். விண்டோஸ் 10க்கென இன்டெல் இதற்கு டிரைவர் வெளியிடவேயில்லை. அதே சிப்புக்கு லினக்ஸின் மெசா டிரைவர் ஓப்பன்ஜிஎல் 3.3 தருகிறது. அடுத்த ஆண்டு வந்த எச்டி 4000லும் இதே கதை: விண்டோஸில் 4.0, லினக்ஸில் 4.2. வன்பொருளில் ஒரு திருகைக்கூடத் தொடாமல், இயங்குதளத்தை மாற்றியதாலேயே சில எமுலேட்டர்கள் திறக்கத் தொடங்குகின்றன. பழைய ஏஎம்டி ரேடியான் கார்டுகளுக்கும் மெசாவில் இன்னும் கவனிப்பு இருக்கிறது.

என்விடியாவில் நிலைமை தலைகீழ். ஜீஃபோர்ஸ் 8 முதல் 500 வரிசை வரையிலான கார்டுகளுக்கு லினக்ஸில் என்விடியாவின் சொந்த டிரைவர்கள் 340, 390 என்ற பழைய கிளைகளோடு நின்றுவிட்டன. புதிய கெர்னல்களில் (லினக்ஸின் மையப் பகுதி) அவை ஏறுவது பெரும்பாடு. திறந்த மூல நூவோ டிரைவர் வேலை செய்யும், ஆனால் பல கார்டுகளை அவை தொடங்கும்போதிருந்த குறைந்த கடிகார வேகத்திலேயே வைத்திருக்கும். ஆகவே பழைய என்விடியா கார்டு இருந்தால் விண்டோஸிலேயே இருப்பதற்கு நியாயம் உண்டு. இன்டெல், ஏஎம்டி என்றால் லினக்ஸ் பக்கம் சாயுங்கள். இந்த ஒரு விதி பாதி முடிவை எடுத்துக் கொடுத்துவிடும்.

விண்டோஸிலேயே வைத்துக்கொள்வது

கணினி வேறு வேலைகளுக்கும் பயன்படுகிறது, என்விடியா கார்டு இருக்கிறது, அல்லது ஏற்கெனவே விண்டோஸ் நன்றாக ஓடுகிறது என்றால் இதுவே சரி. இரண்டு விதமாகச் செய்யலாம்: எல்லாக் கன்சோல்களுக்கும் ஒரே வீடாக ரெட்ரோஆர்ச், அல்லது கன்சோலுக்கு ஒன்றாகத் தனித்தனி எமுலேட்டர்கள்.

இரண்டு மூன்று கன்சோல்களோடு நிற்பவர்களுக்குத் தனி எமுலேட்டர்களே நல்லது. ஸ்னெஸ்9எக்ஸ் (சூப்பர் நின்டெண்டோ), எம்ஜிபிஏ (கேம்பாய் அட்வான்ஸ்), பிபிஎஸ்எஸ்பிபி (பிஎஸ்பி) ஆகியவற்றின் மெனுக்கள் அந்தந்தக் கன்சோலுக்கென்றே அமைந்தவை. பத்து நிமிடத்தில் கேம் ஓடிவிடும். நின்டெண்டோ 64க்கு ப்ராஜெக்ட்64ன் பழைய 1.6 பதிப்பு பலவீனமான கணினியில் இன்றும் கை கொடுக்கும். துல்லியம் குறைவு, ஆனால் சுமையும் குறைவு.

நான்கைந்து கன்சோல் என்று போனால் ரெட்ரோஆர்ச்சுக்கு வாருங்கள். கன்ட்ரோலரை ஒருமுறை அமைத்தால் எல்லாவற்றுக்கும் அதுவே. முதல் வேலையாக, கோப்புகளைச் சுருக்கிய தொகுப்பாக இறக்கி ஒரு தனி ஃபோல்டரில் விரியுங்கள். அமைப்புகள், கோர்கள், சேமிப்புகள் எல்லாம் அந்த ஒரே ஃபோல்டரில் இருக்கும். நாளைக்கு வேறு கணினிக்கு மாறினால் ஃபோல்டரை நகலெடுத்தால் போதும். விண்டோஸ் எக்ஸ்பி, 98 போன்றவற்றுக்குக்கூட ரெட்ரோஆர்ச் தனிப் பதிப்புகள் வந்திருக்கின்றன.

ரெட்ரோஆர்ச் திறந்ததும் மெனுவே தயங்கித் தயங்கி நகர்ந்தால் பயப்பட வேண்டாம். டிரைவர் அமைப்பில் மெனுவை ஓசோன் தோற்றத்திலிருந்து எளிய ஆர்குயி தோற்றத்துக்கு மாற்றுங்கள். பார்வைக்குப் பழசாக இருக்கும், சுமை ஏறக்குறைய இல்லை. வீடியோ டிரைவரில் முதலில் ஜிஎல் என்பதையே வைத்துப் பாருங்கள். படமே வராமல் போனால் டைரக்ட்3டி 11 முயலுங்கள். ஓப்பன்ஜிஎல் 2க்கும் கீழே இருக்கும் மிகப் பழைய சிப்புகளுக்கு ஜிஎல்1 என்ற டிரைவரும் உள்ளது. இன்டெல் ஜிஎம்ஏ 950க்கு அதுதான் வழி. வல்கன் என்ற புதிய வீடியோ டிரைவர் பக்கமே போகாதீர்கள். இந்த வயது சிப்புகளில் பெரும்பாலானவற்றுக்கு விண்டோஸில் அது கிடையாது.

விண்டோஸின் உண்மையான குறை எமுலேட்டரில் இல்லை, பின்னணியில் இருக்கிறது. சுழலும் ஹார்ட் டிஸ்க் உள்ள கணினியில் அப்டேட்டும் தேடல் அட்டவணையும் வைரஸ் ஸ்கேனும் ஒரே நேரத்தில் டிஸ்க்கைப் பிடித்துக்கொண்டால் நன்றாக ஓடிக்கொண்டிருந்த கேம் அரை விநாடி உறையும். ரோம் (கேமின் நகல் கோப்பு) ஃபோல்டரையும் எமுலேட்டர் ஃபோல்டரையும் வைரஸ் ஸ்கேனிலிருந்து விலக்குங்கள். மின் திட்டத்தை உயர் செயல்திறனுக்கு மாற்றுங்கள். லேப்டாப்பை பேட்டரியில் ஓட்டாமல் சார்ஜரில் செருகி ஓட்டுங்கள். விண்டோஸ் 7க்கு 2020 ஜனவரி 14 அன்றும், விண்டோஸ் 10க்கு 2025 அக்டோபர் 14 அன்றும் மைக்ரோசாஃப்ட் வழக்கமான ஆதரவை நிறுத்திவிட்டது. கேமுக்கு மட்டும் வைத்திருக்கும் கணினி என்றால் இணையத் தொடர்பைத் துண்டித்துவிடுவது நல்லது. அப்டேட் தொல்லையும் அதோடு போகும்.

பென்டிரைவிலிருந்து தொடங்கும் தனி இயங்குதளங்கள்

64 பிட் பிராசஸரும் இன்டெல் அல்லது ஏஎம்டி கிராபிக்ஸும் இருந்தால், முதலில் இதைச் செய்து பாருங்கள் என்பதே எங்கள் பரிந்துரை. ஹார்ட் டிஸ்க்கில் எதையும் தொடாமல் சோதிக்கலாம். பிடிக்கவில்லை என்றால் பென்டிரைவைப் பிடுங்கினால் பழைய விண்டோஸ் அப்படியே இருக்கும். இவ்வளவு ஆபத்தில்லாத சோதனை மற்ற இரண்டு வழிகளிலும் கிடையாது.

பட்டோசெராவுக்கும் லக்காவுக்கும் இடையே தேர்வு எளிது. லக்கா என்பது ரெட்ரோஆர்ச்சையே இயங்குதளமாக ஆக்கியது, லிப்ரெஎலெக் என்ற சிறிய லினக்ஸை அடித்தளமாகக் கொண்டது. மிக இலகு. ஆனால் ரெட்ரோஆர்ச்சின் மெனுவோடுதான் வாழ வேண்டும். பட்டோசெரா எமுலேஷன்ஸ்டேஷன் முகப்போடு வருகிறது. கன்சோல் வாரியாகப் படங்களோடு அடுக்கிக் காட்டும், குழந்தைகளும் தானே பழகிக்கொள்வார்கள். அதோடு பயாஸ் கோப்புகளில் எது இல்லை, எது தவறானது என்று சொல்லும் பட்டியல் அதன் மெனுவிலேயே உண்டு. முதல்முறை செய்பவருக்கு அந்த ஒரு பட்டியல் பல மணிநேரத்தை மிச்சப்படுத்தும். ரீகல்பாக்ஸ் பட்டோசெராவின் மூதாதை. வேலை ஒன்றேதான், அதற்கென்று இங்கே தனியாகச் சொல்ல எதுவும் இல்லை. 2 ஜிபி ரேமுக்கும் கீழே என்றால் லக்கா, அதற்கு மேல் பட்டோசெரா.

செய்முறை: 16 ஜிபி பென்டிரைவ் போதும், பிளேஸ்டேஷன் கேம்கள் இருந்தால் 32 அல்லது 64. பட்டோசெரா பக்கத்தில் மேசைக் கணினிக்கு இரண்டு கோப்புகளைக் காணலாம். ஒன்று பொதுவான 64 பிட். இன்னொன்று வி3 என்று குறிப்பிட்டது. அது ஏவிஎக்ஸ்2 கட்டளைத் தொகுப்பு உள்ள புதிய பிராசஸர்களுக்கு, பெரும்பாலும் 2013ன் ஹாஸ்வெலுக்குப் பின் வந்தவற்றுக்கு. அந்தத் தலைமுறையிலேயே பென்டியம், செலரான் பெயரில் வந்தவற்றில் ஏவிஎக்ஸ்2 கிடையாது. சந்தேகமிருந்தால் பொதுவானதையே எடுங்கள். பலேனா எட்சர் கொண்டு பென்டிரைவில் எழுதுங்கள். பென்டிரைவில் முன்பு இருந்தது எல்லாம் அழியும்.

கணினியை மறுபடி தொடங்கும்போது எஃப்12, எஃப்9, எஸ்கேப் ஆகியவற்றில் உங்கள் மாடலுக்கு உரிய விசையைத் தட்டி, பென்டிரைவைத் தேர்ந்தெடுங்கள். பட்டியலில் பென்டிரைவ் தெரியாவிட்டால் கணினியின் தொடக்க அமைப்புப் பகுதியில் செக்யூர் பூட்டை அணைத்துவிட்டுப் பாருங்கள். முதல் தடவை தொடங்கும்போது பட்டோசெரா பென்டிரைவின் மீதி இடத்தை விரித்துத் தனக்கு எடுத்துக்கொள்ளும். சில நிமிடங்கள் கறுப்புத் திரை வரலாம். அவசரப்பட்டுப் பிடுங்காதீர்கள், பாதியில் நின்றால் மறுபடி முதலிலிருந்து எழுத வேண்டியதுதான்.

கேம்களை ஏற்றுவதில்தான் புதியவர்கள் மாட்டிக்கொள்கிறார்கள். பென்டிரைவை விண்டோஸ் கணினியில் செருகினால் சின்னப் பகுதி ஒன்று மட்டும் தெரியும். கேம் வைக்கும் பகுதி எக்ஸ்ட்4 என்ற லினக்ஸ் கோப்பு அமைப்பில் இருப்பதால் விண்டோஸுக்குப் புரியாது. "ஃபார்மேட் செய்யவா" என்று விண்டோஸ் கேட்டால் வேண்டாம் என்று சொல்லுங்கள். பட்டோசெரா ஓடும்போது, அதே வீட்டு வலைப்பின்னலில் இருக்கும் இன்னொரு கணினியிலிருந்து அதன் பகிர்வு ஃபோல்டரைத் திறந்து, ரோம்களை அந்தந்தக் கன்சோல் பெயருள்ள ஃபோல்டரிலும் பயாஸ்களை பயாஸ் ஃபோல்டரிலும் போடுவதே நேர்வழி. பிறகு மெனுவில் கேம் பட்டியலைப் புதுப்பியுங்கள்.

யுஎஸ்பி 2.0 வேகம் போதுமா என்று கேட்பவர்கள் உண்டு. ரோம்களின் அளவைப் பாருங்கள். சூப்பர் நின்டெண்டோவின் பெரிய கேம்களே 6 எம்பிதான், நின்டெண்டோ 64 அதிகபட்சம் 64 எம்பி. ஒருமுறை ரேமில் ஏறினால் பென்டிரைவுக்கு வேலையில்லை. கணினி தொடங்கும் நேரமும் முகப்பின் படங்கள் வரும் வேகமும்தான் சற்று மந்தமாகத் தெரியும். சோதனை திருப்தியாக இருந்தால் பிறகு அதையே உள் டிஸ்க்கில் நிறுவலாம்.

முழு லினக்ஸ் எப்போது

32 பிட் பிராசஸர் என்றால் பெரும்பாலும் இந்த வழிதான். டெபியன் 12 இன்னும் 32 பிட் நிறுவியைத் தருகிறது. டெபியன் 13ல் அது இல்லை. எக்ஸ்எஃப்சிஇ அல்லது எல்எக்ஸ்டிஇ போன்ற இலகுவான மேசைச் சூழல் போட்டு, ரெட்ரோஆர்ச்சை நிறுவுங்கள். கேமோடு இணையம், எழுத்து வேலை எல்லாம் ஒரே கணினியில் வேண்டும் என்பவர்களுக்கும் இது பொருந்தும். எமுலேஷன்ஸ்டேஷன் முகப்பு வேண்டுமென்றால், ராஸ்பெர்ரி பைக்காகத் தொடங்கிய ரெட்ரோபையை டெபியன் கணினியிலும் அதன் நிறுவும் ஸ்கிரிப்ட் மூலம் ஏற்றலாம். பலவீனமான பிராசஸரில் கோர்களை மூலத்திலிருந்து கட்ட நேர்ந்தால் மணிக்கணக்கில் ஆகும்.

இங்கே இரண்டு அமைப்புகள் கட்டாயம். மேசைச் சூழலின் கம்போசிட்டரை அணையுங்கள். ஜன்னல்களுக்கு நிழலும் மங்கலும் தரும் அந்தப் பகுதி திரைக்குப் போகும் படத்தைத் தாமதப்படுத்தும். பிராசஸரின் வேகத்தைத் தீர்மானிக்கும் கவர்னர் அமைப்பை பெர்ஃபார்மன்ஸுக்கு மாற்றுங்கள். எமுலேட்டரின் சுமை விட்டுவிட்டு வருவதால், சிக்கனக் கவர்னர் வேகத்தைக் குறைத்தும் ஏற்றியும் படத்தைத் திக்க வைக்கும்.

வேலை அதிகம் பிடிக்கும் வழி இதுதான். 64 பிட் கணினியைக் கேமுக்கு மட்டும் வைத்திருப்பவர் இதில் இறங்கத் தேவையில்லை.

கோரைக் குறையுங்கள், கணினியைக் குறை சொல்லாதீர்கள்

எந்த வழியில் போனாலும் கடைசியில் வந்து நிற்கும் இடம் இது. ஒரே கன்சோலுக்கு ரெட்ரோஆர்ச்சில் பல கோர்கள் உண்டு. துல்லியமும் சுமையும் அவற்றுக்கிடையே வெகுவாக வேறுபடும். சூப்பர் நின்டெண்டோவில் பிஸ்னெஸ் (bsnes) என்ற கோர் துல்லியத்தில் உயர்ந்தது, பழைய கணினியை மண்டியிட வைக்கும். ஸ்னெஸ்9எக்ஸ் நடுவில், கோர் 2 டுவோவுக்கு அது போதும், நன்றாகவே போதும். ஆட்டம் வகைக்கு ஸ்னெஸ்9எக்ஸ் 2010, அதற்கும் இறங்க வேண்டுமென்றால் 2005 பிளஸ். பிளஸ் இல்லாத 2005ல் ஒலி பழைய முறை, பல கேம்களில் இசை தவறாகக் கேட்கும்.

என்இஎஸ்: மெசன் துல்லியம், எஃப்சிஇயுஎம்எம் இலகு. மெகா டிரைவ்: ஜெனிசிஸ் பிளஸ் ஜிஎக்ஸ் பெரும்பாலான கணினிகளில் ஓடும், முடியாவிட்டால் பிகோடிரைவ். கேம்பாய் அட்வான்ஸ்: எம்ஜிபிஏ, அதற்குக் கீழே ஜிபிஎஸ்பி. பிளேஸ்டேஷன்: பீட்டில் பிஎஸ்எக்ஸ் கனம், பிசிஎஸ்எக்ஸ் ரீஆர்ம்டு அதைவிடப் பல மடங்கு இலகு, படத்தையும் பிராசஸரிலேயே வரைவதால் கிராபிக்ஸ் சிப்பை நம்பியிருக்காது. கிராபிக்ஸ் டிரைவர் தொல்லை தரும் கணினியில் பிளேஸ்டேஷன் ஓட்ட இதைவிட நம்பகமான வழி இல்லை.

ஆர்கேடில் (காசு போட்டு ஆடும் கேம் எந்திரங்கள்) மட்டும் கோரை மாற்றினால் ரோம் தொகுப்பையும் மாற்ற வேண்டும். மேம் 2003 பிளஸ் என்பது மேம் என்ற ஆர்கேட் எமுலேட்டரின் 0.78 பதிப்பை அடிப்படையாகக் கொண்டது, மேம் 2010 என்பது 0.139. எஃப்பிநியோ என்ற இன்னொரு ஆர்கேட் கோர் தன்னுடைய தற்போதைய தொகுப்பைக் கேட்கும். தொகுப்பு பொருந்தாவிட்டால் கோப்பு காணவில்லை என்று சொல்லி நின்றுவிடும். சுருக்கிய கோப்பை விரிக்கவோ பெயரை மாற்றவோ கூடாது. நியோ ஜியோ கேம் என்றால் அந்தக் கன்சோலின் பயாஸ் தொகுப்பும் அதே ஃபோல்டரில் இருக்க வேண்டும். பழைய கணினிக்கு மேம் 2003 பிளஸ்ஸை முதலில் முயலுங்கள்.

எந்தக் கோர் தாங்கும் என்பதைக் கண்ணால் கணிக்க வேண்டாம், அளந்து பாருங்கள். ரெட்ரோஆர்ச்சில் கேம் ஓடும்போது எஃப்3 தட்டினால் விநாடிக்கு எத்தனை ஃபிரேம் (படம்) என்று தெரியும். பிறகு ஸ்பேஸ் விசையைத் தட்டி வேகமாக ஓட விடுங்கள். ஃபாஸ்ட் ஃபார்வர்டு வேக வரம்பு 0 என்றிருந்தால் கணினி தன்னால் முடிந்த அளவு ஓடும். 180க்கு மேல் போனால் கையில் தாராளமாக மிச்சம் இருக்கிறது. 70, 80 என்று நின்றால் சாதாரண காட்சியில் சரியாக இருந்தாலும் கூட்டமான காட்சியில் திக்கும். ஒரு படி இலகுவான கோருக்கு இறங்குங்கள். சோதிப்பதற்குக் கடினமான கேமை எடுங்கள். சூப்பர் நின்டெண்டோவில் ஸ்டார் ஃபாக்ஸ், யோஷீஸ் ஐலண்ட் இரண்டும் கேட்ரிட்ஜுக்குள்ளேயே சூப்பர் எஃப்எக்ஸ் என்ற கூடுதல் சிப்பைக் கொண்டவை. அவை ஓடினால் மற்றவையும் பெரும்பாலும் ஓடும்.

இந்த மிச்சத்தை வைத்து ஒரு நல்ல காரியமும் செய்யலாம். ரன்-அஹெட் என்ற அமைப்பு, பட்டனை அழுத்தியதற்கும் திரையில் தெரிவதற்கும் இடையே கேமே வைத்திருக்கும் தாமதத்தைக் குறைக்கும். 60 ஹெர்ட்ஸில் ஒரு ஃபிரேம் 16.7 மில்லிவிநாடி. ஒரு ஃபிரேம் ரன்-அஹெட் போட்டால் ஒவ்வொரு ஃபிரேமையும் ஏறக்குறைய இரண்டு தடவை கணக்கிட வேண்டும். அதனால் மேற்சொன்ன சோதனையில் 180 வந்த கோரில் மட்டும் இதைத் தொடுங்கள். இலகுவான கோரில் ரன்-அஹெட் போட்டு ஆடுவது, கனமான கோரில் அது இல்லாமல் ஆடுவதைவிடக் கைக்கு இதமாக இருக்கும்.

எது எங்கே கெடும்

ஒலி பொறிகிறதா? முதலில் ஃபிரேம் எண்ணைப் பாருங்கள். 60ல் நிலையாக நின்றும் பொறிந்தால் ஒலித் தாமதத்தை இயல்பான 64 மில்லிவிநாடியிலிருந்து 96 அல்லது 128க்கு ஏற்றுங்கள். 60ஐ எட்டவில்லை என்றால் ஒலியில் குறையில்லை, கோர் கனம். படம் வரைவதைத் தனிப் பணியாகப் பிரிக்கும் திரெடட் வீடியோவைப் போட்டால் எண் ஏறும். ஆனால் ஒத்திசைவு போய்ப் படம் சீராக நகராது, தாமதமும் கூடும். வேறு வழியே இல்லாதபோது மட்டும் அதைத் தொடுங்கள்.

கால் மணிநேரம் நன்றாக ஓடிவிட்டுப் பிறகு திக்கினால் அது வெப்பம். விசிறியில் தூசி, காய்ந்துபோன தெர்மல் பேஸ்ட். பிராசஸர் தன்னைக் காத்துக்கொள்ள வேகத்தைக் குறைக்கிறது. இதற்கு எந்த மென்பொருள் அமைப்பும் மருந்தல்ல, திறந்து சுத்தம் செய்யுங்கள்.

பிளேஸ்டேஷன் கேம் விண்டோஸில் ஓடியது, பட்டோசெராவில் ஓடவில்லை என்றால் கோப்புப் பெயரைப் பாருங்கள். லினக்ஸ் பெரிய எழுத்தையும் சிறிய எழுத்தையும் வேறாகவே பார்க்கும். கியூ (cue) கோப்பை, அதாவது டிஸ்க் நகலை விவரிக்கும் சிறு உரைக் கோப்பை, நோட்பேடில் திறந்தால் முதல் வரியில் பின் (bin) கோப்பின், அதாவது டிஸ்க் நகலின், பெயர் இருக்கும். அது உண்மையான பெயரோடு ஓர் எழுத்து விடாமல் பொருந்த வேண்டும். பயாஸ் கோப்பின் பெயரும் அப்படியே, சிறிய எழுத்தில். அதன் அளவு சரியாக 512 கேபி இல்லையென்றால் அது தவறான கோப்பு. இந்தப் பெயர்த் தொல்லையை ஒரேயடியாகத் தீர்க்க, மேமோடு வரும் சிஎச்டிமேன் நிரலால் கியூ-பின் ஜோடியை ஒரே சிஎச்டி கோப்பாக மாற்றிவிடலாம். தகவல் எதுவும் இழக்காது, இடமும் குறையும். பல டிஸ்க் கேம்களுக்கு எம்3யு என்ற எளிய உரைக் கோப்பில் வரிக்கு ஒரு டிஸ்க்காக எழுதி, அதையே திறக்க வேண்டும். அப்போதுதான் மெமரி கார்டு எல்லா டிஸ்க்குக்கும் பொதுவாக இருக்கும்.

ரெட்ரோஆர்ச்சில் ஃபோல்டரை ஸ்கேன் செய்தும் சில கேம்கள் பட்டியலில் வராதது கோளாறு அல்ல. அது கோப்பின் செக்சம்மை (உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் அடையாள எண்) தன் தரவுத்தளத்தோடு ஒப்பிடுகிறது. மொழிபெயர்த்த ரோம், மாற்றியமைத்த ரோம் எல்லாம் அதில் இருக்காது. மேனுவல் ஸ்கேன் என்பதைப் பயன்படுத்துங்கள்.

படம் ஓரங்களில் ஏற்றத்தாழ்வாகத் தெரிந்தால், முழு எண் மடங்காக மட்டும் பெரிதாக்கும் இன்டிஜர் ஸ்கேலைப் போடுங்கள். சூப்பர் நின்டெண்டோவின் 256×224 படம் 1366×768 திரையில் மூன்று மடங்காகி 768×672 ஆக நிற்கும். கறுப்பு ஓரம் வரும், ஆனால் ஒவ்வொரு புள்ளியும் ஒரே அளவு. பழைய டிவித் திரைபோலக் காட்டும் சிஆர்டி ஷேடர் வேண்டுமென்றால் சிஆர்டி-பை அல்லது இசட்ஃபாஸ்ட். சிஆர்டி-ராயல் இந்த வயது இன்டெல் சிப்புகளுக்கு ஆகாது.

ரோம், பயாஸ் இரண்டும் பதிப்புரிமைக்கு உட்பட்டவை. இந்த இயங்குதளங்கள் எதிலும் கன்சோல் பயாஸ்கள் வராது. உங்கள் கன்சோலிலிருந்தும் டிஸ்க்குகளிலிருந்தும் எடுத்தவற்றைப் பயன்படுத்துங்கள். ஆர்வலர்கள் இலவசமாகக் கொடுக்கும் ஹோம்ப்ரூ கேம்களும் நிறைய உண்டு. அமைப்பைச் சோதிக்க அவையே போதும்.

கணினிக்கு ஏதாவது வாங்கிப் போட நினைத்தால், உள்ளமைந்த கிராபிக்ஸ் உள்ள கணினியில் ஒற்றை 4 ஜிபி ரேமுக்குப் பதில் இரண்டு 2 ஜிபி போடுவது பலன் தரும். கிராபிக்ஸ் சிப் அந்த ரேமையே பகிர்ந்துகொள்கிறது, இரண்டு குச்சிகள் இருந்தால் இரட்டைப் பாதை கிடைக்கும். எஸ்எஸ்டி தொடங்கும் நேரத்தைக் குறைக்கும், விண்டோஸின் பின்னணி உறைவுகளையும் தணிக்கும். எமுலேஷன் வேகத்தைக் கூட்டாது.

ஒரு வழியிலிருந்து இன்னொன்றுக்கு மாறும்போது சேமிப்புகளில் கவனம் வேண்டும். கேமுக்குள்ளேயே சேமித்தது எஸ்ஆர்எம் கோப்பாக இருக்கும். விண்டோஸிலிருந்து பட்டோசெராவுக்கும், ஒரு கோரிலிருந்து இன்னொன்றுக்கும் பெரும்பாலும் சிக்கலின்றி எடுத்துப் போகலாம், ரோமின் பெயரும் அதன் பெயரும் ஒன்றாக இருந்தால் சரி. எஃப்2 தட்டிச் சேமித்த ஸ்டேட்கள் (அந்தக் கணத்தின் முழு நிலை) அப்படியல்ல. அவை அந்தக் கோருக்கே, சில நேரம் அந்தப் பதிப்புக்கே உரியவை. கோரை மாற்றுவதற்கு முன் ஸ்டேட்டைத் திறந்து, கேமுக்குள் ஒருமுறை சேமித்துவிட்டுப் பிறகு மாற்றுங்கள்.